குதிரைவாலிச் சோறும் கெடாக்கறியும்

மதுரைல இப்ப எந்த பெரிய மளிகைக் கடைக்குப் போனாலும் சிறுதானியத்துக்குன்னு தனியா ஒரு அலமாரி இருக்கு. தினை, சாமை, வரகு, குதிரைவாலி எல்லாம் அரைக்கிலோ பாக்கெட்டா அடுக்கி வச்சிருக்காங்க, பக்கத்துலயே ஓட்ஸ், சுகர் ஃப்ரீ பிஸ்கட்டு, சியா விதை. வாங்குறவங்ககிட்ட பேச்சுக் குடுத்தா "அவருக்கு சுகர் இருக்கு, டாக்டர் சொன்னாரு"ம்பாங்க. வீட்டுல அவருக்கு மட்டும் தனி சட்டில ஒரு டம்ளர் வேகும், மத்தவங்களுக்கு வழக்கம்போல பொன்னி அரிசி. 2023-ஐ ஐ.நா. சர்வதேச சிறுதானிய ஆண்டுன்னு அறிவிச்சப்ப எவ்வளவு விழா, எவ்வளவு ஸ்டால், எவ்வளவு தினை லட்டு, சந்தோஷமாத்தான் இருந்துச்சு. ஆனா நம்ம பாட்டன் பூட்டன் சாப்பாடு வீட்டுக்குள்ள திரும்பி வர்றது நோயாளியோட தட்டு வழியாத்தான்னா அது எனக்கு மனசுக்கு ஒப்பல. நோயாளி தட்டுல வர்றது அவரோடயே போயிரும், பேரன் பேத்திக்கு அது தாத்தாவோட மருந்து, அவ்வளவுதான். பந்தில, சாமிக்குப் படைக்கிற எலைல, வீடு தேடி வந்தவங்களுக்குப் போடுற சோத்துல அது ஏறணும், அப்பத்தான் அது நம்ம சாப்பாடு. இதை நான் பாக்குறவங்க எல்லார்கிட்டயும் சொல்லிக்கிட்டே இருக்கேன், இன்னைக்கு கொஞ்சம் விரிவா எழுதிருவோம்னு உக்காந்துட்டேன்.

எங்க ஊரு பேரையூர் பக்கம். திருமங்கலம் தாண்டி டி.கல்லுப்பட்டி வழியா போனா ரெண்டு பக்கமும் கரிசக்காடு, மேக்க பாத்தா சதுரகிரி மலை. கெணறு இருக்குற காடு கம்மி, வானம் பாத்த பூமிதான். ஆவணி புரட்டாசில உழுது போட்டு மழைக்கு முன்னாடி விதைச்சு விட்டுருவாங்க, ஐப்பசி கார்த்திகை மழைல வளந்து தைல அறுப்பு. குதிரைவாலிக்கு தொண்ணூறு தொண்ணூத்தஞ்சு நாளு போதும், நடுவுல ரெண்டு வாரம் மழை ஏச்சாலும் தலையத் தொங்கப் போட்டுட்டு நிக்கும், அடுத்த மழைக்கு நிமிந்துக்கும். ஆனா எங்க அப்பத்தா காலத்துக் காட்டை "குதிரைவாலிக் காடு"ன்னு மட்டும் சொன்னா அது பாதி உண்மைதான். நடுவுல நடுவுல துவரை ஓடும், தட்டப்பயறு கெடக்கும், வரப்போரமா மொச்சையும் ஆமணக்கும் நிக்கும், களை எடுக்கப் போற பொம்பளைக மடில பண்ணைக்கீரையும் தொய்யக்கீரையும் வீட்டுக்கு வரும். அதாவது சோறு, கொழம்பு, வெஞ்சனம், வெளக்கெரிக்க எண்ணெய், மாட்டுக்குத் தட்டை, எல்லாமே ஒரே காட்டுல இருந்து. இன்னைக்கு பாக்கெட்டுல வர்றது அந்தக் காட்டுல இருந்து பிச்சு எடுத்த ஒத்தைத் தானியம்.

அதலைக்காயைப் பத்தி சொல்லாம இந்தப் பேச்சை நகத்த முடியாது. மதுரை, விருதுநகர், தூத்துக்குடி கரிசக்காட்டுக்காரங்களைத் தவிர மத்தவங்க அனேகமா இதப் பாத்திருக்க மாட்டாங்க. யாரும் விதைக்கிறதில்ல. மண்ணுக்கடில கெழங்கு கெடக்கும், கோடை முழுக்க செத்த மாதிரி. ஐப்பசி மழை எறங்கி கரிசல் ஈரம் புடிச்சதும் கொடி கெளம்பி தரையோட தரையா படரும், சுண்டுவெரல் நுனி அளவுல காய், மேல நரம்பு நரம்பா ஓடும், அடில ஒரு சின்ன வாலு. பாகக்கா வகையறாதான், கசப்பு உண்டு, ஆனா பாகக்காயோட கசப்பு வேற இதோட கசப்பு வேற, இது நாக்குல உக்காராம ஓடிரும். பறிச்சு வச்சா ரெண்டு நாளைக்கு மேல தாங்காது, வெடிச்சு வெதையைத் துப்பிரும், அதனாலதான் இது தூரத்து ஊருக்குப் போகவே இல்ல. அண்ணா நகர் உழவர் சந்தை, தமிழ்நாட்டுலயே மொதல்ல 1999 நவம்பர் 14-ல தொறந்த உழவர் சந்தை, அங்க மழை சீசன்ல காலைல வெள்ளன போனா சில அம்மாமாருக சாக்கை விரிச்சு கூறு கட்டி வச்சிருப்பாங்க, எட்டு மணிக்கெல்லாம் தீந்துரும்.

வீட்டுல எப்பிடி செய்வோம்னா, காம்பையும் வாலையும் கிள்ளிட்டு நல்லா அலசி தண்ணி வடிய விடணும். நல்லெண்ணெய் கொஞ்சம் தாராளமா ஊத்தி கடுகு, உளுந்து, சின்ன வெங்காயம், தட்டுன பூண்டு வதக்கி, காயைப் போட்டு மூடாம வதக்கணும், மூடுனா கசப்பு உள்ளயே நிக்கும்னு அம்மா சொல்லுவாங்க. அப்புறம் மொளகாத்தூளு, உப்பு, கரைச்ச புளித்தண்ணி கொஞ்சம், சுண்டி வர்றப்ப நெல்லிக்கா அளவு வெல்லம், எறக்குறப்ப வறுத்த நெலக்கடலையப் பொடிச்சுத் தூவணும். குதிரைவாலிச் சோத்துக்கு தட்டப்பயறு கொழம்பு ஊத்தி இதத் தொட்டுக்கிட்டா வேற ஒண்ணும் வேண்டாம். மிச்சம் இருந்தா உப்பு மோர்ல போட்டு வத்தல், மிதுக்கங்கா வத்தலோட சேத்து வருஷம் பூரா.

இந்த அதலைக்கொடி இப்ப கொறைஞ்சுக்கிட்டே வருது. காரணம் களைமருந்து. மக்காச்சோளம் வந்ததுக்கப்புறம் எங்க பக்கம் வெதைச்ச கையோட களைமருந்து அடிக்கிறது வழக்கமாயிருச்சு, கைக்களை எடுக்க ஆளும் கெடைக்கல, கெடைச்சாலும் கூலி கட்டுபடியாகல, அதனால அடிக்கிறவங்களைக் குத்தம் சொல்ல எனக்கு வாய் வரல. ஆனா பண்ணைக்கீரைக்கும் தொய்யக்கீரைக்கும் அதலைக்கொடிக்கும் அந்த மருந்து களைன்னுதான் பேரு வச்சிருக்கு. அந்த மக்காச்சோளமும் நாம சாப்பிட இல்ல, கோழித் தீவனத்துக்கு லாரி ஏறுது. 2018-ல படைப்புழு வந்து குருத்தக் குடைஞ்சு தின்னப்ப அந்தக் காட்டுல இருந்து வீட்டுக்கு ஒரு படி சோத்துக்குக்கூட வழியில்லாமப் போச்சு. பழைய கலப்புக் காட்டுல ஒண்ணு போனா ஒண்ணாவது நிக்கும்.

எப்பிடி போச்சு இந்தச் சாப்பாடுன்னு கேட்டா எல்லாரும் பசுமைப் புரட்சிம்பாங்க, அது சரிதான், ஐ.ஆர்.8 நெல்லு 1966-ல வந்துச்சு, 1967 தேர்தல்ல ரூபாய்க்கு மூணு படி அரிசின்னு பேச்சு, அப்புறம் 2008-ல ரேஷன்ல கிலோ ஒரு ரூபாய், 2011-ல இருந்து இலவசம். ரேஷன் அரிசியை நான் ஒரு வார்த்தை குறை சொல்ல மாட்டேன். அது வந்ததாலதான் எங்க பக்கம் எத்தனையோ வீட்டுல புள்ளைக பட்டினி கெடக்காம பள்ளிக்கூடம் போச்சு. ஆனா போனதுக்கு இன்னொரு காரணம் இருக்கு, அத ஆம்பளைக அதிகம் பேசுறதில்ல. உரலு ஒலக்கை. கம்பு, சோளம், கேப்பைக்கெல்லாம் மேல உமி ஒட்டி இருக்காது, அடிச்சா மணியா வந்துரும், சுலபம். குதிரைவாலி, சாமை, வரகு அப்பிடி இல்ல, உமி கெட்டியா புடிச்சிருக்கும், வரகுக்கு அடுக்கடுக்கா இருக்கும். காட்டு வேலை முடிச்சு பொழுது சாய வந்து, திருகைல திரிச்சு, உரல்ல குத்தி, சொளகுல பொடைச்சு, திரும்பக் குத்தி, திரும்பப் பொடைச்சு, ஒரு வேளைச் சோத்துக்கு அரிசி எடுக்க ரெண்டு பொம்பளைக மாத்தி மாத்தி நிக்கணும். எங்க அப்பத்தா உள்ளங்கை கடைசி வரைக்கும் மரப்பட்டை மாதிரிதான் இருந்துச்சு. அவங்களுக்கு ரேஷன் அரிசி கெடைச்சது விடுதலை. அதனால "பழையபடி உரல்ல குத்தித் திங்கணும், அதான் ஆரோக்கியம்"னு யாராச்சும் மேடைல பேசுனா எனக்குக் கோவம் வரும், குத்தப் போறது அவரு இல்லையே.

பழசு அத்தனையும் திரும்பி வரணும்னும் நான் நெனைக்கல. களத்துல தானியம் அளக்குறப்ப யாருக்கு மொதல்ல, யாருக்கு தூத்தி விட்ட கடைசில கெடக்குற பொக்கு, யாரு வாசல்ல நின்னு வாங்கணும், யாரு உள்ள வரலாம், எல்லாம் அந்தக் காலத்துச் சாப்பாட்டுக்குள்ள இருந்துச்சு. பொம்பளைக கடைசில சட்டியச் சொரண்டித்தான் சாப்பிட்டாங்க. சோறு வரணும், இதெல்லாம் வரக்கூடாது. ரெண்டையும் பிரிக்க முடியும்னு நான் நம்புறேன், நாமதான பரிமாறப் போறோம்.

கடைசியா வெக்கம். இதுதான் எல்லாத்தையும் விட ஆழமா எறங்கி இருக்கு. நெல்லுச்சோறுன்னா தீவாளி, பொங்கல், வசதி. கூழு, களி, கம்பஞ்சோறுன்னா இல்லாதவன். எங்க அப்பா பள்ளிக்கூடத்துக்குத் தூக்குச்சட்டில கேப்பைக்களி கொண்டுபோயி மத்த பயலுகளுக்குத் தெரியாம கம்மாக்கரை மரத்தடில போயித் தின்னதைச் சொல்லிருக்காரு. அவரு தலையெடுத்து சம்பாரிச்சு வீட்டுல மூணு வேளையும் நெல்லுச்சோறு ஆக்கினப்ப அது அவருக்கு ஒரு ஜெயிப்பு. அவர்கிட்ட போயி "அப்பா, கேப்பைல 100 கிராமுக்கு 340 மில்லிகிராமுக்கு மேல கால்சியம்"னு சொன்னா அதுல என்ன இருக்கு. அவருக்கு அந்த மரத்தடிதான் நெனைப்பு வரும். வெக்கத்துக்கு மருந்து மரியாதை ஒண்ணுதான், மரியாதை நம்மூர்ல எங்க கெடைக்குது, விசேஷத்துல, பந்தில.

அதனாலதான் எங்க அக்கா மக காதுகுத்துக்கு நான் தாய்மாமன் சீருல குதிரைவாலி வச்சேன்.

காதுகுத்துன்னா மதுரைப் பக்கம் என்னான்னு தெரியும்ல, ஃப்ளெக்ஸ், மேளம், வேட்டு, மாமன் சீர்வரிசை தட்டுத் தட்டா ஊர்வலமா போகும், ஊரே நின்னு எண்ணும். எங்க சீருல துணிமணி, பழம், தோடு, கெடா எல்லாம் இருந்துச்சு, அரிசி மூட்டை வைக்கிற எடத்துல எங்க காட்டுல வெளைஞ்ச குதிரைவாலிய அரிசியாக்கி மூட்டையாக் கட்டி, மஞ்சத்தண்ணி தெளிச்சு, பூ சுத்தி வச்சோம். மச்சானுக்கு ஒரு வாரம் முன்னாடியே சொல்லிட்டேன், இதத்தான் பந்தில போடணும், கறிக்கொழம்போட. அவரு கொஞ்ச நேரம் பேசல. அப்புறம் "மாப்ள, எனக்கு ஒண்ணுமில்ல, எங்க அம்மாகிட்ட நீயே பேசிரு"ன்னுட்டாரு.

அத்தைகிட்ட பேசுறது லேசா இல்ல. "தம்பி, தப்பா நெனைக்காதீக. எங்க வீட்டு மொத விசேஷம். சாதிசனம் பூராம் வரும். மொய் எழுதிட்டு வந்து எலைல உக்காந்தா கூழுத்தவசத்தப் போட்டுருக்காகன்னு வாசல்லயே பேசுவாக. எங்களுக்கு நெல்லரிசி வாங்க வக்கில்லையா?" அப்பிடியே சொன்னாங்க, கண்ணு கலங்கிருச்சு. அவங்க சொன்னதுல பொய்யே இல்ல, அப்பிடித்தான் பேசும் ஊரு. நான் சத்து, சுகரு எதுவும் பேசல. அத்தை, கொலசாமிக்கு முன்னெல்லாம் என்னா படைச்சீங்கன்னு மட்டும் கேட்டேன். அவங்க பதில் சொல்றதுக்கு முன்னாடி திண்ணைல உக்காந்திருந்த அவங்க மாமியா, தொண்ணூறு வயசு இருக்கும், அங்கிருந்தே சத்தம் போட்டாங்க: "என்னாத்த படைச்சோம், கம்பரிசியும் குருதாலியும்தான் பொங்கி வச்சோம். நெல்லு எங்கிட்டு இருந்துச்சு அப்ப? சாமி வேண்டாம்னா சொல்லுச்சு?" எங்க பக்கத்துப் பெரியாளுக வாயில குதிரைவாலி குருதாலின்னுதான் வரும். அந்தக் கெழவி சொன்னதுக்கப்புறம் அத்தையால மறுக்க முடியல, ஆனா நெல்லுச்சோறும் கூட இருக்கணும்னு சொல்லிட்டாங்க, அது நியாயம்தான்.

அடுத்து சமையல் மாஸ்டர். அவரு எத்தனையோ ஆயிரம் பேருக்கு ஆக்கிப் போட்டவரு, குதிரைவாலிய அண்டாவுல ஆக்குனதில்ல. பெரிய அண்டாவுல போட்டா அடி குழைஞ்சு மேல வேகாது, அதோட குதிரைவாலி பத்து பதினஞ்சு நிமிஷத்துல வெந்துரும், வெந்தத ஒரு மணி நேரம் வச்சிருந்தா கட்டி புடிச்சிரும். எங்க பெரியம்மா கூட நின்னு சொல்லிக் குடுத்தாங்க. அரை மணி நேரம் ஊற வை, தண்ணிய வடிச்சிரு, உலை தளதளன்னு கொதிக்கிறப்ப போடு, தானியத்துக்கு ரெண்டு பங்கு தண்ணி, முக்கா வேக்காடு வந்ததும் தீயத் தள்ளிட்டு மூடிப் போட்டு மேல கங்கு வை. பெரிய அண்டாவ விட்டுட்டு சின்னச் சின்ன பாத்திரமா ஒவ்வொரு பந்திக்கும் புதுசா ஆக்குனோம். எறக்கி தொறந்தா மணி மணியா, லேசா பழுப்பு நெறத்துல, மழை ஈரம் பட்ட வைக்கப்படப்பு வாசம் மாதிரி ஒண்ணு வந்துச்சு. மாஸ்டர் ஒரு கை எடுத்து வாயில போட்டு மென்னுட்டு "கறிக்கொழம்ப உறிஞ்சிக்கிரும்ணே இது, கொழம்பு கூட வைக்கணும்"னு சொல்லி இன்னொரு சட்டி மசாலா அரைக்கச் சொன்னாரு. அவரு சொன்னது அப்பிடியே நடந்துச்சு, நெல்லுச்சோத்துல கொழம்பு வழிஞ்சு எலைல ஓடும், இது குடிச்சிக்கிரும், அடுத்த கரண்டி கேக்கும்.

மொதல்ல குதிரைவாலியும் கெடாக்கறிக் கொழம்பும், ரெண்டாவது நெல்லுச்சோறும் ரசமும் மோரும். எல்லாருக்கும் ஒரே பந்தி, ஒரே எலை, மேளக்காரவங்க, பந்தல்காரவங்க, ட்ரைவர் எல்லாரும் உக்காந்த பந்திலதான் நாங்களும் உக்காந்தோம். பெருசுக மறுசோறு கேட்டாங்க. ஒரு தாத்தா சோத்தைப் பெசஞ்சுக்கிட்டே பக்கத்து ஆள்கிட்ட எந்தெந்தக் காட்டுல எவ்வளவு வெளைஞ்சதுன்னு பேரு பேரா சொல்லிக்கிட்டு இருந்தாரு, அந்தக் காடெல்லாம் இப்ப பிளாட்டு. எளவட்டப் பயலுக சில பேரு "என்னாடா இது ரவை மாதிரி இருக்கு"ன்னு ஒதுக்கி வச்சாங்க, சில பேரு ஒண்ணும் சொல்லாம வழிச்சுத் தின்னாங்க. ஒண்ணு ரெண்டு பேரு வாசல்ல பேசத்தான் செஞ்சாங்க, காதுல விழுந்துச்சு. ஆனா அத்தை சாயங்காலம் பாத்திரம் ஒழிக்கிறப்ப மிச்சம் இருந்த குதிரைவாலிய ஒரு தூக்குல எடுத்து வச்சாங்க, "கெழவி நாளைக்கு மோர் ஊத்திக் கேக்கும்"னு. அதுக்கப்புறம் எங்க சொந்தத்துல நடந்த ரெண்டொரு விசேஷத்துல குதிரைவாலி எலை ஏறிருச்சு, ஒரு வீட்டுல பிரியாணியாவே போட்டாங்க.

இத எழுதுறப்ப இன்னொரு ஊர்க் கதையும் சேந்து ஞாபகம் வருது. அமெரிக்காவுல ஷான் ஷெர்மன்னு ஒரு சமையல்காரரு, ஓக்லாலா லகோட்டா பழங்குடி, பைன் ரிட்ஜ் ரிசர்வேஷன்ல பொறந்தவரு. மினியாபொலிஸ்ல மிசிசிப்பி ஆத்தங்கரைல 2021-ல ஒவாம்னின்னு ஒரு ஓட்டல் தொறந்தாரு. அங்க கோதுமை மாவு கெடையாது, பால் கெடையாது, கரும்புச் சீனி கெடையாது, மாட்டுக்கறி பன்னிக்கறி கோழி எதுவும் கெடையாது, வெள்ளைக்காரன் வர்றதுக்கு முன்னாடி அந்த மண்ணுல என்ன இருந்துச்சோ அது மட்டும்தான். 2022-ல அந்த நாட்டோட பெரிய சமையல் விருதான ஜேம்ஸ் பியர்ட் விருது, சிறந்த புது ஓட்டல்னு அதுக்குக் கெடைச்சது. அங்க பழங்குடி சாப்பாடுன்னு உலகத்துக்குத் தெரிஞ்சதெல்லாம் எண்ணெய்ல பொரிச்ச ரொட்டிதான். அது எப்பிடி வந்துச்சு? 1864-ல நவஹோ மக்களை ராணுவம் அவங்க மண்ணை விட்டு நடக்க வச்சே வெரட்டி ஒரு எடத்துல அடைச்சு வச்சு, ரேஷனா மாவும் கொழுப்பும் குடுத்துச்சு, உசுரு பொழைக்க அதுல சுட்டது அந்த ரொட்டி. நம்ம ரேஷனையும் அதையும் ஒண்ணா வச்சுப் பேசுறது தப்பு, நமக்கு அரிசி குடுத்தது நாம ஓட்டுப் போட்ட அரசாங்கம், நாம கேட்டு வாங்குனது. ஆனா அந்த மனுசன் செஞ்ச ஒண்ணு எனக்கு ரொம்பப் புடிச்சது. தன் சனத்தோட சாப்பாட்டை மருந்துக்கடைலயோ மியூசியத்துலயோ வைக்காம ஊரே வரிசைல நின்னு உக்காந்து சாப்புடுற எடத்துல வச்சாரு.

பழங்குடின்னு சொல்றப்ப நம்ம மலையடிவாரத்தையும் பேசித்தான் ஆகணும். சாப்டூர், சதுரகிரி, அந்தப் பக்கம் வருசநாடு, இந்தப் பக்கம் சிறுமலை, இங்கெல்லாம் பளியர் மக்கள் இருக்காங்க. கரிசக்காட்டு சம்சாரியான நான் என் குதிரைவாலிய மீட்டெடுத்துட்டு அதுக்கு பழங்குடி உணவுன்னு பேரு வச்சுக்கிட்டா அது அவங்களுக்குச் செய்யுற அநியாயம். அவங்க சாப்பாடு வேற. வள்ளிக்கெழங்கு, மலைத்தேனு, காட்டுக்கீரை, பழம். அடிவாரத்துல ஒரு பெரியவர்கிட்ட பேசிக்கிட்டு இருந்தப்ப சொன்னாரு, வள்ளிக்கெழங்கு தோண்டுனா கொடியோட தலையை கொஞ்சம் கெழங்கோட விட்டு, அதே குழில வச்சு மண்ணத் தள்ளிட்டு வரணும், அடுத்த வருஷம் அங்கயே இருக்கும்னு. தோண்டுற கடப்பாரை அளவுக்கு அதுவும் முக்கியம்னு பேசுனாரு. புறநானூறு 109-ல கபிலர் பாரியோட பறம்புமலையப் பத்தி சொல்றப்ப உழவர் உழாமலே கெடைக்கிற நாலுன்னு மூங்கில் நெல்லு, பலாப்பழம், வள்ளிக்கெழங்கு, தேனுன்னு அடுக்குவாரு. பறம்பு இந்தா சிங்கம்புணரி பக்கத்துல இருக்குற பிரான்மலைதான்னு சொல்வாங்க. அந்த நாலுல வள்ளிக்கெழங்கையும் தேனையும் இன்னைக்கும் சோறா சாப்புடத் தெரிஞ்ச மக்கள் நம்ம பக்கத்துலயே இருக்காங்க. ஆனா காட்டுக்குள்ள போக வர அவங்களுக்கு எத்தனை கேள்வி. 2006 வன உரிமைச் சட்டம் காட்டுல வெளையிற தேனு, கெழங்கு மாதிரி சிறுவனப் பொருளை எடுக்க உரிமை குடுத்திருக்கு, 2021-ல ஸ்ரீவில்லிபுத்தூர் மேகமலை புலிகள் காப்பகமும் வந்துருச்சு. புலியும் இருக்கணும், பளியரும் இருக்கணும், காலங்காலமா ரெண்டும் ஒரே காட்டுலதான் இருந்துச்சு. அந்த உரிமை காகிதத்துல இருந்து கைக்கு வராம அவங்க சாப்பாட்டைக் காப்பாத்துறோம்னு யாரு சொன்னாலும் நான் ஏத்துக்க மாட்டேன். மலைத்தேன் பாட்டில் மட்டும் டவுனுக்கு வந்துருது, எடுத்தவங்க பேரு வர்றதில்ல.

சரி, காட்டுக்கு வருவோம். திரும்பப் போடணும்னு நெனைக்கிற சம்சாரிக்கு ரெண்டு தொல்லை இருக்கு, ஒண்ணு குருவி, ஒண்ணு மெஷின்.

ஊரே குதிரைவாலி போட்ட காலத்துல குருவி எல்லா காட்டுலயும் கொஞ்சம் கொஞ்சம் தின்னுச்சு, யாருக்கும் வலிக்கல. இப்ப சுத்தி மக்காச்சோளமும் பருத்தியும் நிக்கிறப்ப நடுவுல ஒருத்தர் மட்டும் ஒரு ஏக்கர் தானியம் போட்டா அந்த வட்டாரத்துக் குருவி, மயிலு, புறா எல்லாம் அங்கதான் எறங்கும், மலையோரம்னா ராத்திரிக்கு காட்டுப்பன்னி. பரண் கட்டி தகரம் தட்ட ஆளு வேணும், புள்ளைக எல்லாம் பள்ளிக்கூடத்துல இருக்கு, இருக்கணும். அதனால இத ஒத்தையா செய்ய முடியாது. எங்க பக்கம் நாங்க கொஞ்சம் பேரு பேசி வச்சு அடுத்தடுத்த காடா ஒரே வாரத்துல விதைச்சோம், ஒண்ணா கதிர் புடிச்சு ஒண்ணா அறுத்தோம், சேதம் பாதிக்கு மேல கொறைஞ்சது. இதச் சொல்றப்ப எனக்குத் தோணும், ஊர்ல பாகப்பிரிவினைல பேச்சுவார்த்தை இல்லாமப் போன பங்காளிக எல்லாம் குருவிக்காக ஒரே வேப்பமரத்தடில உக்காந்து தேதி குறிச்சாங்க. சாமி கும்பிடுக்குக்கூட ஒண்ணா வராதவங்க.

மெஷின் வெவகாரம் இன்னும் முக்கியம். கடைல வாங்குற குதிரைவாலி ஏன் வெள்ளை வெளேர்னு இருக்கு? தவிட்டையும் சேத்து தீட்டிடறாங்க. தவிட்டுல எண்ணெய் இருக்கு, அத விட்டா கொஞ்ச நாள்ல காறல் வாடை வந்துரும், கடைக்காரருக்கு மாசக்கணக்குல அலமாரில நிக்கணும், அதனால தீட்டுறாங்க. தீட்டுனப்புறம் அதுல நார்ச்சத்து என்ன மிஞ்சும், பேருதான் சிறுதானியம். இதுக்கு வழி நம்ம பாட்டிமாருக்குத் தெரிஞ்சதுதான், உமியோட குலுக்கைல போட்டு வை, அது வருஷக்கணக்குல கெடக்கும், வேணுங்கிறப்ப வேணுங்கிற அளவுக்கு அரிசியாக்கு. அதுக்கு ஊருக்குள்ள, இல்ல ரெண்டு மூணு ஊருக்கு நடுவுல, ஒரு சின்ன உமி நீக்குற மெஷின் இருந்தாப் போதும், நம்ம மாவு மில்லு மாதிரி. உமிய மட்டும் எடுத்து தவிட்டை விடுற மெஷின் இப்ப கெடைக்குது. 100 கிலோ போட்டா 60, 65 கிலோ அரிசி தேறும், உமி மாட்டுக்கொட்டத்துக்கும் அடுப்புக்கும் ஆகும். மதுரைல இருக்குற தானம் அறக்கட்டளை பேரையூர் பக்கம் சிறுதானியத்துக்கு பல வருஷமா வேலை செய்யுது, மதுரை வேளாண் கல்லூரி எம்.டி.யு 1-னு குதிரைவாலில ஒரு ரகமே குடுத்திருக்கு, அதனால வெதைக்கும் வெவரத்துக்கும் தூரமா அலைய வேண்டியதில்ல. இல்லாதது பக்கத்துல ஒரு மெஷின். இன்னைக்கு சம்சாரி மூட்டைய உமியோட வித்துட்டு, அதே தானியத்தை தீட்டுன அரிசியா டவுன்ல மூணு நாலு மடங்கு வெலைக்கு வாங்குற நெலமை. போட்டவன் வீட்டுலயே அது வேகல. நான் எங்க பக்கத்துப் பஞ்சாயத்துல கேக்குறதெல்லாம் மகளிர் குழு கைல இந்த மெஷின் இருக்கணும்னுதான், உரலுக்குப் பக்கத்துல நின்னவங்க கைக்குத்தான் அந்த வருமானமும் போகணும்.

இன்னொரு எடம் பள்ளிக்கூடம். முதலமைச்சர் காலை உணவுத் திட்டம் நம்ம மதுரைலதான் 2022 செப்டம்பர் 15-ல தொடங்குச்சு. நீலகிரிலயும் தர்மபுரிலயும் 2023-ல இருந்து ரேஷன்ல அரிசிக்குப் பதிலா ரெண்டு கிலோ கேப்பை குடுக்குறாங்க, ஏன்னா அது அந்த ஊரு தானியம். அப்ப பேரையூர், டி.கல்லுப்பட்டி, சேடபட்டி பள்ளிக்கூடத்துல அந்தந்தக் காட்டுக் குதிரைவாலில வெண்பொங்கல் ஆக்கிப் போட முடியாதா? ஒரு புள்ளை அத தன் கூட்டாளிக நூறு பேரோட ஒரே வரிசைல உக்காந்து தின்னா, எங்க அப்பா மாதிரி மரத்தடி தேடிப் போகாது. வாங்குறதுக்கு ஒரு நிச்சயமான எடம் இருக்குன்னு தெரிஞ்சா காட்டுக்காரரும் போடுவாரு, வெலை பேச ஏவாரி வாசல்ல நிக்க வேண்டியதில்ல.

இந்தப் புரட்டாசிக்கு நாங்க குதிரைவாலியோட துவரையும் தட்டப்பயறும் கலந்து போடறதா பேசியிருக்கோம், வரப்புல மொச்சை. களைமருந்து அடிக்காம ஒரு பாதிக் காட்டையாவது விடணும்னு நான் கேட்டிருக்கேன், அதலைக்கொடி கெழங்கு அங்க இன்னும் உசுரோட கெடக்கு, போன மழைக்கு வரப்போரம் தலை காட்டுச்சு. வரகுதான் எங்களுக்கு வெதை கெடைக்கல. எழுமலை, உசிலம்பட்டி, சாப்டூர் பக்கம் யாரு வீட்டுக் குலுக்கைலயாவது பழைய நாட்டு வரகு கெடந்தா ஒரு படி குடுங்க, அறுப்பு முடிஞ்சதும் ரெண்டு படியா திருப்பித் தந்துருவோம். மொளைக்குமான்னு சந்தேகமா இருந்தாலும் பரவாயில்ல, கொண்டாங்க, ஈரத்துணில கட்டி வச்சுப் பாத்துக்கலாம்.